ஓர் அணி எங்கே குடியிருக்கிறது?

சாலை போடுவதற்காக ஒருவருடைய வயலை அரசாங்கம் எடுத்துக்கொள்ளலாம். உரிய இழப்பீட்டைக் கொடுத்துவிட்டால் போதும், உரிமையாளரின் சம்மதம் தேவையில்லை. இதே அதிகாரத்தை வைத்து ஒரு கால்பந்து அணியை எடுத்துக்கொள்ள முடியுமா? முடியும் என்று அமெரிக்காவின் மேரிலாந்து மாநிலத்தில் 1984 மார்ச் கடைசியில் ஒரு மசோதா கிளம்பியது. மார்ச் 27 அன்று சட்டமன்றத்தின் ஓர் அவை அதை நிறைவேற்றியும் விட்டது. இன்னோர் அவையின் ஒப்புதலும் ஆளுநரின் கையெழுத்தும்தான் பாக்கி.

அணியின் பெயர் பால்டிமோர் கோல்ட்ஸ். இங்கே கால்பந்து என்றால் நாம் ஆடும் கால்பந்து அல்ல. இருமுனையும் கூர்த்த பந்தைக் கையில் ஏந்திக்கொண்டு, ஹெல்மெட்டும் தோள்கவசமும் அணிந்து மோதி முன்னேறும் அமெரிக்கக் கால்பந்து. 1953 முதல் அந்த ஊரின் ஞாயிற்றுக்கிழமைகள் கோல்ட்ஸுக்குச் சொந்தமாக இருந்தன. 1958 டிசம்பரில் நியூயார்க் ஜயன்ட்ஸைக் கூடுதல் நேரத்தில் 23-17 என்று வீழ்த்திய இறுதி ஆட்டத்தை இன்றைக்கும் அமெரிக்கர்கள் பேசுகிறார்கள். அன்று அணியை நடத்திச் சென்ற ஜானி யூனைட்டஸ் அந்த ஊருக்கு வீட்டுப் பிள்ளை மாதிரி ஆகிவிட்டார்.

அந்த அணியின் உரிமையாளர் ராபர்ட் இர்சே. அவர் கைக்கு அணி வந்த விதமே ஒரு விந்தை. 1972-ல் அவர் வாங்கியது லாஸ் ஏஞ்சலிஸ் ராம்ஸ் என்ற வேறோர் அணியை. வாங்கிய கையோடு அதைக் கோல்ட்ஸின் அப்போதைய உரிமையாளரிடம் கொடுத்து, பதிலுக்குக் கோல்ட்ஸை எடுத்துக்கொண்டார். விற்றால் லாபத்துக்கு வரி கட்டவேண்டும், மாற்றிக்கொண்டால் கட்டவேண்டியதில்லை. வீரர்களும் பயிற்சியாளர்களும் இருந்த இடத்திலேயே இருந்தார்கள். உரிமையாளர்கள் மட்டும் அமெரிக்காவின் ஒரு கரையிலிருந்து மறு கரைக்கு இடம் மாறினார்கள்.

மசோதா நிறைவேறிய செய்தி கேட்டு இர்சே காத்திருக்கவில்லை. மறுநாள் இரவு, மேஃப்ளவர் என்ற சரக்குப் போக்குவரத்து நிறுவனத்தின் 15 லாரிகள் பால்டிமோரை அடுத்த ஓயிங்ஸ் மில்ஸில் இருந்த பயிற்சி வளாகத்துக்கு வந்து நின்றன. ஹெல்மெட்டுகள், தோள்கவசங்கள், எடைப்பயிற்சிக் கருவிகள், அலுவலகக் கோப்புகள் என்று எல்லாம் ஏறின. வெளியே ஈரப்பனி கொட்டிக்கொண்டிருந்தது. காலைக்குள் வளாகம் காலி. மாநிலப் போலீஸ் மறிக்கக்கூடும் என்பதால் லாரிகள் ஒரே வரிசையாகப் போகாமல் ஆளுக்கொரு பாதையில் பிரிந்து போயின. மேற்கே இண்டியானா மாநில எல்லையில் அந்த மாநிலப் போலீஸ் அவற்றை வரவேற்று, இண்டியானாபோலிஸ் நகரத்துக்கு அழைத்துச் சென்றது. லாரி நிறுவனத்தின் தலைவர் அந்த நகர மேயரின் பக்கத்து வீட்டுக்காரர்.

மார்ச் 29 அன்று மேரிலாந்தின் மறு அவையும் மசோதாவை நிறைவேற்ற, ஆளுநர் அன்றைக்கே கையெழுத்திட்டார். 30-ம் தேதி பால்டிமோர் நகரம் நீதிமன்றத்தில் கையகப்படுத்தும் மனுவைத் தாக்கல் செய்தது. இங்கேதான் கதை உண்மையில் சுவாரசியமாகிறது.

வயல் என்றால் அது எங்கே இருக்கிறது என்று எவரும் கேட்பதில்லை. அணி? வீரர்கள் அந்த லாரிகளில் இல்லை. பருவம் முடிந்து அவரவர் ஊர்களில் இருந்தார்கள். மைதானம் நகரத்துக்குச் சொந்தம், அது நகரவில்லை. அணியின் விலையில் பெரும்பகுதி ஹெல்மெட்டிலும் இல்லை. தேசியக் கால்பந்து லீக்கில், அதாவது என்எஃப்எல்லில், ஓர் இடம் பெற்று ஆடும் உரிமைதான் அணியின் மதிப்பு. அந்த உரிமை கையில் பிடிக்க முடியாத ஓர் ஒப்பந்தம். சட்டத்தில் இதைப் ‘புலனாகாச் சொத்து’ என்று சொல்லலாம்: விலை உண்டு, உடல் கிடையாது. அப்படிப்பட்ட சொத்தையும் அரசு கையகப்படுத்தலாமா என்ற கேள்வியில் ஓக்லண்ட் நகரம் முன்பே நுழைந்திருந்தது. தன் ரைடர்ஸ் அணி லாஸ் ஏஞ்சலிஸுக்குப் போவதைத் தடுக்க அது தொடுத்த வழக்கில், கொள்கையளவில் இதற்குத் தடையில்லை என்று 1982-ல் கலிஃபோர்னியா உச்ச நீதிமன்றம் சொல்லியிருந்தது. மேரிலாந்துக்குத் தைரியம் வந்தது அங்கிருந்துதான்.

ஆனால் எந்த அரசும் தன் எல்லைக்குள் இருப்பதைத்தானே எடுக்க முடியும்? உடல் இல்லாத ஒன்று எந்த எல்லைக்குள் இருக்கிறது? கூட்டாட்சி நீதிமன்றம் இந்தக் கேள்விக்கு 1985 டிசம்பரில் பதில் சொன்னது. தலைமை அலுவலகம் எங்கே, உபகரணங்கள் எங்கே, தொழில் எங்கிருந்து நடக்கிறது என்று பார்த்து, மனு தாக்கலான மார்ச் 30 அன்று கோல்ட்ஸ் அணி மேரிலாந்தில் இல்லை என்று தீர்ப்பளித்தது. லீக் உரிமையை லாரியில் ஏற்ற முடியாது என்பது உண்மைதான். ஹெல்மெட்டையும் கோப்புகளையும் ஏற்றியபோது, தொட முடியாத அந்த உரிமையும் கூடவே எல்லை தாண்டிவிட்டது. ஓர் இரவின் வேகம் சட்டப்படி ஒரு நகரத்தின் முப்பது ஆண்டுகளை வென்றது. ஓக்லண்டுக்கும் கடைசியில் தோல்விதான். ஒரு நகரம் இப்படி ஓர் அணியைப் பிடித்துவைத்தால் பல மாநிலங்களில் பரவிக்கிடக்கும் லீக்கின் வணிகமே குலையும் என்று 1985-ல் மேல்முறையீட்டு நீதிமன்றம் அந்த வழியை அடைத்தது.

லீக்கே தடுத்திருக்கலாமே என்று தோன்றும். ஓர் அணி இடம் மாற உரிமையாளர்களில் நாலில் மூன்று பங்கினரின் சம்மதம் வேண்டும் என்று அதன் விதி சொன்னது. அந்த விதியைக் காட்டி ரைடர்ஸைத் தடுக்கப் போய், போட்டியை நசுக்குவதற்கு எதிரான சட்டத்தின்கீழ் லீக் தோற்றது. மேல்முறையீட்டுத் தீர்ப்பு வந்தது 1984 பிப்ரவரி கடைசியில். அடுத்த மாதமே இர்சேயைத் தடுக்க லீக்குக்குத் துணிவில்லை.

சரி, ஓர் அணி ஏன் ஊர் மாற ஆசைப்படுகிறது? பெரிய ஊருக்குப் போனால் அதிகப் பணம் என்பது எளிதான விடை, ஆனால் சரியான விடை அல்ல. என்எஃப்எல்லின் தொலைக்காட்சி வருமானத்தை எல்லா அணிகளும் சமமாகப் பங்கிட்டுக்கொள்கின்றன. எல்லோருமாகச் சேர்ந்து ஒளிபரப்பு உரிமையை விற்கலாம் என்று 1961-ல் ஒரு சட்டமே வந்தது. மைதானத்துக்குள் விளையும் பணம் வேறு கணக்கு. தனி அறையில் உட்கார்ந்து பார்க்கும் ஆடம்பர இருக்கைகள், வாகன நிறுத்தம், தின்பண்டம் ஆகியவற்றின் வருமானத்தில் பெரும்பகுதி அந்தந்த அணிக்கே. கூட்டுக் குடும்பத்தில் சம்பளத்தைப் பெரியவர் கையில் கொடுத்துவிட்டு, பிறந்த வீட்டுச் சீரை மட்டும் தன் பெட்டியில் பூட்டி வைப்பார்களே, அந்த ஏற்பாடுதான். ஆகவே ஊரின் அளவைவிட மைதானத்தின் ஒப்பந்தம் முக்கியமாகிவிடுகிறது. பால்டிமோரின் மெமோரியல் ஸ்டேடியம் பழையது. இண்டியானாபோலிஸோ, தன்னிடம் ஓர் அணிகூட இல்லாதபோதே, காற்றழுத்தத்தால் தாங்கப்படும் துணிக்கூரை போட்ட ஹூசியர் டோமைக் கட்டத் தொடங்கியிருந்தது. அணி வந்த சில வாரங்களில் பருவச்சீட்டு கேட்டு அந்த ஊரில் விண்ணப்பங்கள் குவிந்தன.

லீக்கில் அணிகள் எப்போதும் ஊர்களைவிடக் குறைவு. அதனால் ஒப்பந்தம் எழுதும் மேசையில் அணியின் கை ஓங்கியிருக்கும். இதற்கு நான் அறிந்த மிக அபாரமான உதாரணம் செயின்ட் லூயிஸ் நகரத்தினுடையது. இர்சே ஒருகாலத்தில் வாங்கிக் கைமாற்றிவிட்ட அதே ராம்ஸ், 1995-ல் லாஸ் ஏஞ்சலிஸைவிட்டு அங்கே வந்தது. நகரம் புத்தம்புது மைதானம் கட்டிக்கொடுத்தது. குத்தகைப் பத்திரத்தில் ஒரு ஷரத்து இருந்தது: பத்தாம் ஆண்டிலும் இருபதாம் ஆண்டிலும் அந்த மைதானம் லீக்கின் மைதானங்களில் முதல் கால்பகுதிக்குள் இருக்கவேண்டும், இல்லாவிட்டால் அணி நீண்ட காலக் குத்தகையிலிருந்து விடுபடலாம். இதன் உட்பொருளைக் கவனியுங்கள். மைதானம் நன்றாக இருந்தால் மட்டும் போதாது, மற்ற ஊர்களுடையதைவிட நன்றாக இருக்கவேண்டும். மற்ற ஊர்கள் புதிது புதிதாகக் கட்டிக்கொண்டே இருக்கும். ஒரு செங்கல்கூட உதிராமலே கட்டடம் பழசாகிவிடும்படி எழுதப்பட்ட வரி அது! 2013-ல் நடுவர் குழு அணியின் பக்கம் தீர்ப்புச் சொன்னது. மேம்படுத்த சுமார் 70 கோடி டாலர் ஆகும் என்றார்கள். உள்ளூர் நிர்வாகம் மறுத்தது. 2016-ல் ராம்ஸ் லாஸ் ஏஞ்சலிஸுக்கே திரும்பியது.

ஆனால் செயின்ட் லூயிஸ் வேறொரு சாவியைக் கண்டுபிடித்தது. ரைடர்ஸ் வழக்கில் பட்ட அடிக்குப் பிறகு, இடமாற்றத்துக்கென்று 1984-ல் லீக் தனக்குத்தானே சில வழிகாட்டு நெறிகளை எழுதிக்கொண்டிருந்தது. ஊரோடு நல்லெண்ணத்துடன் பேசிப் பார்க்கவேண்டும் என்பது அவற்றில் ஒன்று. நீ எழுதிய விதியை நீயே மீறினாய் என்று நகரம் வழக்குப் போட்டது. 2021 நவம்பரில் 79 கோடி டாலருக்குச் சமரசம் ஆனது.

அணியை மொத்தமாகப் பிடித்துவைக்க முடியாவிட்டால், அதைத் துண்டு துண்டாகப் பிரித்து ஒரு பகுதியையாவது வைத்துக்கொள்ள முடியுமா? கிளீவ்லாண்ட் அதைச் செய்துகாட்டியது. 1995 நவம்பர் 6 அன்று கிளீவ்லாண்ட் பிரவுன்ஸ் அணியின் உரிமையாளர் ஆர்ட் மாடெல், அணியோடு பால்டிமோருக்குப் போவதாக அறிவித்தார். ஆம், அதே பால்டிமோர்தான். மறுநாளே கிளீவ்லாண்ட் வாக்காளர்கள் மைதானச் செலவுக்காக வரியை நீட்டிக்க வாக்களித்தார்கள். வழக்குகளுக்கும் பேச்சுவார்த்தைக்கும் பிறகு 1996 பிப்ரவரியில் ஏற்பட்ட உடன்பாட்டின்படி வீரர்களும் ஊழியர்களும் பால்டிமோருக்குப் போனார்கள். பெயர், நிறங்கள், பழைய ஆட்டங்களின் பதிவேடு ஆகியவை கிளீவ்லாண்டிலேயே தங்கின. பால்டிமோருக்கு வந்தவர்கள் ரேவன்ஸ் என்ற புதுப் பெயரில், வரலாறே இல்லாத புது அணியாகக் கணக்கில் சேர்ந்தார்கள். 1999-ல் கிளீவ்லாண்டில் முற்றிலும் புதிய வீரர்களுடன் பிரவுன்ஸ் மீண்டும் ஆடியபோது, பழைய வெற்றி தோல்விகள் எல்லாம் அவர்கள் பெயரில் இருந்தன. இடையே மூன்று பருவங்கள் மட்டும் பதிவேட்டில் வெறுமை.

பால்டிமோருக்கு 1984-ல் இந்த வாய்ப்புக் கிடைக்கவில்லை. கோல்ட்ஸ் என்ற பெயரும் ஹெல்மெட்டில் இருந்த குதிரைலாடச் சின்னமும் இண்டியானாபோலிஸுக்குப் போய்விட்டன. கனடா லீக்கின் ஓர் அணி 1994-ல் பால்டிமோரில் தொடங்கி அந்தப் பெயரைச் சூட்டிக்கொள்ளப் பார்த்தபோது, ரசிகர்கள் குழம்புவார்கள் என்று நீதிமன்றம் தடுத்தது. யூனைட்டஸ் மட்டும் இண்டியானாபோலிஸ் அணியோடு தனக்கு எந்த உறவும் இல்லை என்று கடைசிவரை சொல்லிவந்தார். அவருடைய சிலை இன்று பால்டிமோரின் ரேவன்ஸ் மைதானத்துக்கு வெளியே நிற்கிறது.

லாரிகள் எடுத்துப்போகாத ஒன்று உண்டு: அணியின் பேண்டு வாத்தியக் குழு. அந்தத் தன்னார்வக் குழுவின் சீருடைகள் அந்த வாரம் சலவைக்குப் போயிருந்தன. அவற்றை மீட்ட குழுவினர், பறிபோகாமல் இருக்க ஒரு கல்லறை மண்டபத்தில் ஒளித்துவைத்தார்கள். பிறகு அணியே இல்லாத அணியின் பேண்டாக 12 ஆண்டுகள் வாசித்தார்கள். ஊர்வலங்களிலும் வேறு ஊர் அணிகளின் இடைவேளைகளிலும் வாசித்தார்கள். புது மைதானத்துக்கு மாநிலம் நிதி ஒதுக்க வேண்டும் என்று சட்டமன்றக் கட்டடத்தின் படிகளில் நின்றும் வாசித்தார்கள். நீதிமன்றம் அலுவலகத்தையும் கோப்புகளையும் கணக்கில் எடுத்தது. நான் நீதிபதியாக இருந்தால் அந்த டிரம்பெட்டுகளையும் எடுத்திருப்பேன்.

இந்த ஆட்டம் முழுவதிலிருந்தும் விலகி நிற்கும் ஓர் ஊர் உண்டு. விஸ்கான்சின் மாநிலத்தின் கிரீன் பே. மக்கள்தொகை ஒரு லட்சத்தைச் சற்றே தாண்டும். மைதானத்தில் 81,000-க்கும் மேல் இருக்கைகள், ஊரில் நாலில் மூன்று பேர் உட்காரலாம். இவ்வளவு சிறிய ஊரில் என்எஃப்எல் அணி எப்படி நிலைத்தது? பேக்கர்ஸ் அணிக்குத் தனி உரிமையாளரே கிடையாது. 1923 முதல் அது பொதுமக்களின் நிறுவனம். இன்று பங்குதாரர்கள் ஐந்து லட்சத்துக்கும் மேல். அந்தப் பங்குக்கு லாப ஈவு இல்லை, சந்தையில் விற்கவும் முடியாது. ஆனால் உண்மையான பூட்டு சாசனத்தில் இருந்தது. அணியை விற்றால், கடன்போக மிஞ்சும் பணம் முழுவதும் போர்வீரர் நினைவிடம் கட்டுவதற்காக உள்ளூர் முன்னாள் படைவீரர் சங்கத்துக்குப் போகவேண்டும் என்று 1923-லேயே எழுதிவைத்தார்கள். 1997-ல் அந்த இடத்தில் ஓர் அறக்கட்டளையை எழுதினார்கள். எப்படியானாலும் பங்குதாரர் கைக்கு ஒரு சென்ட் வராது. விற்பதில் எவருக்கும் ஆதாயம் இல்லாததால் விற்கும் பேச்சே எழுவதில்லை. இத்தகைய பொது உடைமையை லீக்கின் இன்றைய விதிகள் ஏற்பதில்லை. விதி வருமுன்பே இருந்ததால் கிரீன் பேக்கு மட்டும் விலக்கு. மற்ற 31 அணிகளின் ஊர்களுக்கு அந்தக் கதவு மூடியே இருக்கிறது.