செகந்திராபாத் பாறைகளை அடுக்கி வைத்தது யார்? 250 கோடி ஆண்டுக் கதை

செகந்திராபாத்தில் இருந்து மௌலாலி பக்கம் போனால், வீடுகளுக்கு நடுவே திடீரென ஒரு மொட்டைப் பாறை மலை நிற்கும். உச்சியில் தர்கா. நகரின் மேற்கே, ஐடி அலுவலகங்கள் இருக்கும் பகுதியிலும் இதே காட்சிதான்: யாரோ கிரேன் வைத்து அடுக்கின மாதிரி, ஒன்றின் மேல் ஒன்றாக உருண்டைப் பாறைகள். உண்மையில் அடுக்கியது யார்?

இது என்ன பாறை?

கிரானைட். வயது சுமார் 250 கோடி ஆண்டுகள். இமயமலை எழத் தொடங்கியதே ஏறக்குறைய 5 கோடி ஆண்டுகளுக்கு முன்புதான். பூமிக்கடியில் பாறைக்குழம்பு மெல்ல ஆறி இறுகியதில் உருவான பாறை இது. மேலிருந்த அடுக்குகள் காலப்போக்கில் தேய்ந்துபோக, வெளியே தலைகாட்டியது.

உருண்டையானது எப்படி?

மேலிருந்த பாரம் குறைந்ததும் பாறை விரிந்து, குறுக்கும் நெடுக்குமாக விரிசல் விட்டது. அந்த விரிசல்களில் தண்ணீர் இறங்கியது. ஒரு கட்டியின் மூலைகளை மூன்று பக்கமும் தண்ணீர் அரிப்பதால், அவைதான் முதலில் கரையும். சதுரக் கட்டி உருண்டையாகும். சுற்றியிருந்த மண்ணை மழை அடித்துச் சென்றதும், மிஞ்சியது இந்த 'அடுக்கு'. ஆக, யாரும் மேலே தூக்கி வைக்கவில்லை. இருந்த இடத்திலேயே செதுக்கப்பட்டவை.

வேறு எங்கே பார்க்கலாம்?

ஆஸ்திரேலியாவின் வடக்குப் பிரதேசத்தில், டென்னன்ட் கிரீக் ஊருக்குத் தெற்கே இருக்கும் கார்லு கார்லு பாறைகள் நம்மூர்ப் பாறைகளின் பங்காளி போலவே இருக்கும். அதே கிரானைட், அதே தேய்மானம். (புகழ்பெற்ற உலுரு வேறு ரகம், 348 மீட்டர் உயர மணற்கல்.) கார்லு கார்லுவை 2008-ல் அதன் பூர்வகுடி உரிமையாளர்களிடமே அரசு திருப்பிக் கொடுத்தது. உலுரு மீது ஏறுவதற்கு 2019 அக்டோபரில் தடை வந்தது.

இங்கே நிலைமை என்ன?

பஞ்சாரா ஹில்ஸ், ஜூபிலி ஹில்ஸ் என்று பெயரில் மலை இருக்கிறது. பாறைகள் பெரும்பாலும் வெடி வைத்துத் தகர்க்கப்பட்டுவிட்டன. இதைத் தடுக்க 1996-ல் 'பாறைகளைக் காப்போம்' என்ற நோக்கத்தோடு ஹைதராபாத்தில் ஒரு சங்கமே தொடங்கப்பட்டது. சில பாறைகள் பாரம்பரியப் பட்டியலிலும் இடம்பிடித்தன.

காஞ்சா கச்சிபௌலியின் 400 ஏக்கரில் மரம் வெட்டுவதை 2025 ஏப்ரல் 3 அன்று உச்ச நீதிமன்றம் நிறுத்தியபோது, பேச்சு எல்லாம் மரம், மான், மயில் பற்றியே இருந்தது. அங்கேயும் பாறைகள் உண்டு.

போனால் என்ன?

கிரானைட் தண்ணீரை உறிஞ்சாது. ஆனால் மழைநீர் நிலத்தடிக்கு இறங்கும் வழி அதன் விரிசல்கள்தான். பாறையைச் சமப்படுத்தி மேலே கான்கிரீட் போட்டால், தண்ணீர் உள்ளே போகாமல் ரோட்டுக்கு வரும். வெட்டிய மரத்துக்குப் பதில் ஒரு கன்று நடலாம். உடைத்த பாறைக்குப் பதில் எதையும் நட முடியாது.