அமைதி மாத்திரை

என் மேசைமீது ஏழு அறைகள் கொண்ட சிறு பெட்டி ஒன்று உள்ளது. ஞாயிறு முதல் சனி வரை நான் உட்கொள்ள வேண்டிய மாத்திரைகள் அதில் குடியிருக்கின்றன. அயல்நாட்டில் பணிபுரியும் என் மகன் தொலைபேசியில் முதலாவதாகக் கேட்பது, "மாத்திரை சாப்பிட்டீர்களா, அப்பா?" என்பதே. இரண்டாவதாக அவன் எதுவும் கேட்பதில்லை.

இதை நான் குறையாகச் சொல்லவில்லை. மனிதர் பேச வேண்டிய இடத்தில் மாத்திரை வந்து அமர்ந்த கதை பழையது; அதில் சுவையான பகுதி அமெரிக்காவில் நிகழ்ந்தது.

செக்கோஸ்லோவாக்கியாவிலிருந்து இங்கிலாந்தில் அடைக்கலம் புகுந்தவர் பிராங்க் பெர்ஜர் என்னும் அறிஞர். 1940களில் அவர் பெனிசிலினைக் கெடாமற் காக்கும் பொருளொன்றைத் தேடிக்கொண்டிருந்தார். சோதனைக்காகச் சிறு விலங்குகளுக்கு ஒரு பொருளைக் கொடுத்தார். அவற்றின் தசைகள் தளர்ந்தன. ஆயினும் அவை உறங்கவில்லை, விழித்தபடியே சாந்தமாகக் கிடந்தன. தேடியது ஒன்று, கிடைத்தது மற்றொன்று! அந்த வழியைப் பின்பற்றி, பின்னர் அமெரிக்காவில் அவர் உருவாக்கிய மெப்ரோபமேட் என்னும் மருந்து, 1955இல் 'மில்டவுன்' என்ற பெயருடன் கடைக்கு வந்தது. நியூஜெர்சி மாநிலத்துச் சிற்றூர் ஒன்றின் பெயர் அது. ஊர்ப் பெயரை விழுங்கினால் ஊரின் அமைதியும் உள்ளே இறங்கும் என்று எண்ணினார்கள் போலும்.

மருந்துக் கடைகளில் 'மில்டவுன் தீர்ந்துவிட்டது' என்று பலகை தொங்கியது. மில்டன் பெர்ல் என்னும் நகைச்சுவை நடிகர், தம் பெயரை மில்டவுன் பெர்ல் என மாற்றிக்கொள்ளப் போவதாக வேடிக்கை பேசினார். மக்கள் சிரித்தார்கள்; சிரித்துவிட்டு வாங்கினார்கள்.

ஆனால் எனக்குச் சிரிப்பு வராத இடம் ஒன்றுண்டு. 1960களில் 'செராக்ஸ்' என்னும் வேறொரு அமைதி மாத்திரைக்காக மருத்துவர்களிடையே வெளியிட்ட விளம்பரம் அது. துடைப்பங்கள் சிறைக்கம்பிகளைப்போல் நிற்கின்றன. அவற்றின் பின்னே ஓர் இல்லத்தரசி. அவளை உங்களால் விடுவிக்க இயலாது, அவளுடைய பதற்றத்தைக் குறைக்க மட்டும் இயலும் என்பது அதன் செய்தி. சிறையை ஒப்புக்கொண்டு, கைதிக்கு மாத்திரை நீட்டும் இத்தகைய நேர்மையை நான் வேறெங்கும் கண்டதில்லை!

உண்மையான நோயுற்றோருக்கு மருந்து உயிர்நாடி. அதில் எனக்கு ஐயமில்லை. மில்டவுனோ பலரைத் தனக்கு அடிமையாக்கிற்று. திடீரென நிறுத்தியவர்களுக்கு வலிப்பும் கண்டது. மெப்ரோபமேட்டை உட்கொள்ளும் மருந்தாக விற்பதை நிறுத்துமாறு ஐரோப்பிய மருந்து முகமை 2012இல் பரிந்துரைத்தது.

நேற்றிரவு மணி ஒலித்ததும் நான் முந்திக்கொண்டேன். "சாப்பிட்டுவிட்டேன் தம்பி. நீ நன்றாகத் தூங்குகிறாயா?" என்றேன். சற்று நேரம் மறுமுனையில் ஓசையில்லை. பிறகு ஒரு மாத்திரையின் பெயரைச் சொன்னான்.