விரலும் விசையும்

அரக்கோணத்தை ரயில் சந்திப்பாக அறிந்தவர்களே அதிகம். ஆனால், அது சீருடைப் படைகளின் ஊராக மாறியும் பல ஆண்டுகள் ஆகிவிட்டன. கடற்படையின் ராஜாளி விமான தளம் 1992 முதல் இங்கு இயங்குகிறது. தேசிய பேரிடர் மீட்புப் படையின் 4-ஆவது பட்டாலியனும் இங்குதான் உள்ளது. அருகே தக்கோலத்தில் மத்திய தொழில் பாதுகாப்புப் படையின் மண்டலப் பயிற்சி மையம் இருக்கிறது. கி.பி. 949-இல் தக்கோலப் போரில் யானை மீதிருந்து போரிட்டு உயிர் நீத்த ராஜாதித்த சோழனின் பெயர் 2025-இல் இம்மையத்துக்குச் சூட்டப்பட்டது.

இத்தகைய மையங்களில் பயிற்சி பெறுவோர்தான் விமான நிலையங்களிலும் துறைமுகங்களிலும் காவலுக்கு நிற்கிறார்கள். சாமானியர் ஒருவர் சுடும் ஆயுதத்தை மிக அருகில் காண்பது பெரும்பாலும் அத்தகைய வாசல்களில்தான். அந்த ஆயுதம் எப்போது சுட வேண்டும், எப்போது சுடக் கூடாது என்பது காவலரின் மனத்தையும் சட்டத்தையும் மட்டும் பொறுத்ததன்று; விரலடியில் இருக்கும் விசை என்ற சிறு உறுப்பின் அமைப்பையும் பொறுத்தது. பொதுப்பணத்தில் வாங்கி, பொதுமக்களிடையே எடுத்துச் செல்லப்படும் கருவி என்பதால், அதன் அடிப்படையை நாம் அறிந்திருப்பது நல்லது.

தோட்டாவின் அடிப்பகுதியில் அதிர்ச்சிக்குத் தீப்பற்றும் மருந்து சிறிதளவு இருக்கும். ஓர் ஊசி அதை வேகமாகக் குத்தினால் அது பற்றி, உள்ளிருக்கும் வெடிமருந்தை எரியச் செய்யும்; அந்த வாயுவின் அழுத்தம் குண்டைத் தள்ளும். தீபாவளிக்குக் குழந்தைகள் வெடிக்கும் பொட்டு வெடித் துப்பாக்கியிலும் இதே தத்துவம்தான். ஊசிக்கு வேகம் தருவது அழுத்தப்பட்ட ஒரு சுருள்வில். ஆக, விசை வகைகளின் வேறுபாடு ஒரே கேள்வியில் அடங்கிவிடுகிறது: அந்தச் சுருள்வில்லை அழுத்தும் வேலையை யார், எப்போது செய்வது?

முதல் விடை, ஒற்றைச் செயல் விசை. இதில் சுடுபவர் கட்டை விரலால் சுத்தியலைப் பின்னுக்கு இழுத்து நிறுத்துகிறார். அல்லது மேற்பகுதி உலோக உறையைப் பின்னுக்கு இழுத்து விடும்போது சுத்தியல் தானே பின்சென்று ஒரு கொக்கியில் மாட்டிக்கொள்கிறது. விசைக்கு எஞ்சியிருப்பது அக்கொக்கியை விடுவிக்கும் ஒரே வேலை. அதனால் இழுக்க வேண்டிய தூரம் சில மில்லிமீட்டர்தான், விசையும் இலகுவானது. குறி தப்புவது குறைவு. ஆனால், சுத்தியல் பின்னிழுத்த நிலையில் ஆயுதத்தை எடுத்துச் செல்ல வேண்டுமானால், பெருவிரலால் இயக்கும் பாதுகாப்புப் பூட்டு அவசியம்.

1911 ஜூன் 17 அன்று மணியாச்சி ரயில் நிலையத்தில் ஆட்சியர் ஆஷ் மீது வாஞ்சிநாதன் பயன்படுத்திய பெல்ஜியத் தயாரிப்பான ப்ரௌனிங் கைத்துப்பாக்கி இவ்வகையைச் சேர்ந்தது. காந்தியடிகளின் உயிரைப் பறித்த பெரெட்டா 1934-உம் ஒற்றைச் செயல் கைத்துப்பாக்கியே. நம் படைகளில் நெடுங்காலம் புழக்கத்தில் உள்ள, மேற்கு வங்கத்தின் இஷாப்பூர் ஆலையில் தயாரான 9 மி.மீ. கைத்துப்பாக்கியும் ப்ரௌனிங் வடிவமைப்பின் வழி வந்ததுதான்.

இரண்டாவது விடை, இரட்டைச் செயல் விசை. இங்கே சுருள்வில்லை அழுத்துவது, விடுவிப்பது என்ற இரு வேலைகளையும் சுட்டுவிரலே செய்கிறது. விசையை இழுக்க இழுக்கச் சுத்தியல் பின்னே எழுந்து, முடிவில் விடுபட்டு முன்னே பாய்கிறது. ரிவால்வர்கள் பெரும்பாலும் இவ்வகையின. இதற்கு ஏறத்தாழ 5 கிலோ எடையைத் தூக்கும் அளவுக்கு அழுத்தம் தேவை. ஒரு சென்டிமீட்டருக்கு மேல் விசை நகர வேண்டும். இந்த நீண்ட, கனமான இழுப்பே ஒரு பாதுகாப்புப் பூட்டாகச் செயல்படுகிறது. தற்செயலாக விரல் பட்டுச் சுடுவது அரிது. ஆனால், அவ்வளவு அழுத்தத்தில் கை ஆடும், குறி விலகும்.

கான்பூர் பீரங்கித் தொழிற்சாலை 2014-இல் பெண்களின் தற்காப்புக்கென அறிமுகப்படுத்திய 'நிர்பீக்' ரிவால்வரை நினைத்துப் பார்க்கலாம். சுமார் 500 கிராம் எடை. அன்றைய விலை ஏறத்தாழ 1.22 லட்சம் ரூபாய். எடை குறைவு என்பது விளம்பரத்தில் சிறப்பம்சம். ஆனால், அரை கிலோ எடையுள்ள எந்த ரிவால்வரிலும், இரட்டைச் செயல் விசைக்கு வழக்கமாகத் தேவைப்படும் 5 கிலோ அழுத்தத்தைத் தந்தால், அது ஆயுதத்தின் எடையைப்போல் பத்து மடங்கு. பயிற்சி இல்லாத கையில் குழாய் எங்கே திரும்பும் என்பதைச் சொல்லத் தேவையில்லை. கைப்பையில் சுமக்க எளிதானது, குறி வைக்கவும் எளிதானது என்று பொருளில்லை.

இவ்விரண்டையும் இணைத்தது ஜெர்மனியின் வால்தர் நிறுவனம் 1929-இல் வெளியிட்ட பி.பி. கைத்துப்பாக்கி. முதல் சூட்டுக்கு இரட்டைச் செயல்; அந்தச் சூட்டின் பின்னுதைப்பு சுத்தியலைப் பின்னே தள்ளிவிடுவதால் அடுத்தடுத்த சூடுகளுக்கு ஒற்றைச் செயல். முதல் சூடு கடினம், மற்றவை இலகு. ஒரே ஆயுதத்தில் இருவேறு அழுத்தங்களுக்கு விரலைப் பழக்க வேண்டியிருப்பது இதன் குறை. கனமான முதல் இழுப்புக்குப் பழகிய விரல், இரண்டாம் முறை நினைத்ததற்கு முன்பே சுட்டுவிடக்கூடும்.

மூன்றாவது விடை, சுத்தியலே வெளியில் தெரியாத, ஊசியைச் சுருள்வில்லே நேரடியாகச் செலுத்தும் அமைப்பு. 1982-இல் ஆஸ்திரிய ராணுவம் ஏற்ற க்ளாக் கைத்துப்பாக்கி இதைப் பரவலாக்கியது. இன்று இந்தியப் படைகளிலும் காவல்துறையிலும் அது உள்ளது. மேலுறை நகரும்போது சுருள்வில் ஓரளவு அழுத்தப்படுகிறது. மீதியை விரல் முடிக்கிறது. எல்லாச் சூடுகளுக்கும் ஒரே அழுத்தம், சுமார் 2.5 கிலோ. பெருவிரலால் இயக்கும் பூட்டு இல்லை. விசையின் நடுவில் உள்ள சிறு நாக்கை அழுத்தினாலொழிய விசை நகராது. விசை முழுமையாக இழுக்கப்பட்டாலொழிய ஊசி முன்னே வராதபடி உள்ளே தடைகளும் உண்டு. கீழே விழுந்தால் சுடாது. ஆனால், விசை மீது விரலோ, துணி மடிப்போ பட்டு அழுத்தினால், அது சுடும். மேலும், இதைச் சுத்தம் செய்யப் பிரிப்பதற்கு முன் விசையை ஒருமுறை இழுத்தாக வேண்டும். தோட்டா அறை காலியாக உள்ளதா என்று கண்ணால் பார்க்கத் தவறினால், துடைப்பதற்காக எடுத்த ஆயுதம் வெடித்துவிடும்.

இவற்றில் எது சிறந்தது? பொருளாதாரம் கற்பித்தவன் என்ற முறையில், 'சிறந்தது' என்ற சொல்லைக் கேட்டதும், 'எந்த விலையில், யாருக்கு' என்றே கேட்கத் தோன்றுகிறது. விசையில் இருவகைப் பிழைகள் உண்டு. சுடக் கூடாத நேரத்தில் சுட்டுவிடுவது ஒன்று. சுட வேண்டிய நேரத்தில் குறி தவறுவது மற்றொன்று. விசையைக் கனமாக்கினால் முதல் பிழை குறையும், இரண்டாவது கூடும். இலகுவாக்கினால் நேர்மாறு. இரண்டையும் ஒருசேரக் குறைக்கும் சுருள்வில் எந்த ஆலையிலும் கிடைப்பதில்லை.

நியூயார்க் நகரக் காவல்துறையின் அனுபவம் இதற்குச் சான்று. தற்செயல் சூடுகளுக்கு அஞ்சி, க்ளாக் முதலிய கைத்துப்பாக்கிகளின் விசையை அது 5.4 கிலோ அளவுக்குக் கனமாக்கியது. 2012 ஆகஸ்ட் 24 அன்று எம்பயர் ஸ்டேட் கட்டடத்தின் முன் ஆயுதம் ஏந்திய ஒருவரை நோக்கி இரு காவலர்கள் 16 முறை சுட்டனர். வழிப்போக்கர்கள் 9 பேர் குண்டுகளாலும் சிதறல்களாலும் காயமடைந்தனர். கனமான விசையும் ஒரு காரணம் என்ற விமர்சனம் அப்போது எழுந்தது. பின்னர், புதிதாகச் சேர்வோருக்கு இலகுவான விசையை அத்துறை அனுமதித்தது.

தொழில்நுட்பத்தை மட்டும் நம்புவதிலும் ஆபத்து உண்டு. வாகனங்களில் பாதுகாப்புச் சாதனங்கள் கூடும்போது ஓட்டுநரின் எச்சரிக்கை குறையக்கூடும் என்று சாம் பெல்ட்ஸ்மன் என்ற பொருளாதார அறிஞர் 1975-இல் வாதிட்டார். 'பூட்டு இருக்கிறது' என்ற நம்பிக்கையில் விரலை விசை மீதே வைத்துப் பழகிய காவலருக்கும் இது பொருந்தும். திடுக்கிடும்போதும், கால் இடறும்போதும், மறு கையால் ஒருவரை இறுகப் பற்றும்போதும் விரல்கள் தாமாகவே இறுகும். அத்தகைய கணத்தில் 2.5 கிலோ என்ன, 5 கிலோ அழுத்தமும் பெரிதல்ல. சுட முடிவெடுக்கும் வரை விரல் விசைக்கு வெளியே இருப்பதே எல்லா அமைப்புகளுக்கும் பொதுவான, செலவில்லாத பூட்டு.

செலவில்லாதது என்றாலும், அது பயிற்சி இல்லாமல் வருவதில்லை. இங்குதான் கொள்முதல் கணக்கில் ஓட்டை விழுகிறது. ஆயுதத்தின் விலை ஒருமுறைச் செலவு, ஒப்பந்தப்புள்ளியில் தெரியும். பயிற்சித் தோட்டா, பயிற்றுநர், சுடுதளம் ஆகியவை ஆண்டுதோறும் தொடரும் செலவு. சிக்கனம் என்றதும் முதலில் வெட்டப்படுவது இத்தகைய செலவே. பழைய வகையிலிருந்து புதிய வகைக்கு மாறும்போது, விரல் கற்றதை மறக்கவும் புதிதாகக் கற்கவும் தோட்டாக்கள் தேவை. அதைச் சேர்க்காத விலை ஒப்பீடு அரைகுறையானது.

பயிற்சியின் சுமை அயலார் மீது விழவும் கூடாது. 2021 டிசம்பர் 30 அன்று புதுக்கோட்டை மாவட்டம் நார்த்தாமலை அருகே துப்பாக்கி சுடும் பயிற்சியின்போது பாய்ந்த குண்டு, சற்றுத் தொலைவில் வீட்டிலிருந்த 11 வயதுச் சிறுவனின் தலையில் பட்டது. சில நாள்களில் அவன் இறந்தான். கொள்முதல் ஆவணத்தில் இடம்பெறாத செலவை ஓர் ஏழைக் குடும்பம் செலுத்தியது. பயிற்சியைக் குறைப்பது இதற்குத் தீர்வாகாது. பாதுகாப்பான மண்மேடுகளும் தடுப்புச் சுவர்களும் கொண்ட சுடுதளங்களுக்குச் செலவிடுவதே தீர்வு.

உரிமம் பெற்றுத் துப்பாக்கி வைத்திருக்கும் குடிமக்களுக்கும் இது பொருந்தும். 2019-ஆம் ஆண்டின் திருத்தச் சட்டம், ஒருவர் வைத்திருக்கக்கூடிய ஆயுதங்களை மூன்றிலிருந்து இரண்டாகக் குறைத்தது. கொண்டாட்டங்களில் அலட்சியமாகச் சுட்டுப் பிறர் உயிருக்கு ஆபத்து விளைவிப்பதைத் தண்டனைக்குரிய குற்றமாக்கியது. வரவேற்கத்தக்கவைதான். அதே திருத்தம் உரிமத்தின் காலத்தை மூன்று ஆண்டுகளிலிருந்து ஐந்தாக நீட்டித்தது. பீரோவில் ஐந்தாண்டு உறங்கும் துப்பாக்கியின் உரிமையாளருக்கு அதன் விசை எவ்வகை என்பது நினைவிருக்குமா? ஒவ்வொரு புதுப்பித்தலின்போதும், அவர் தம் ஆயுதத்தைக் காலி செய்து காட்டும் எளிய செய்முறைத் தேர்வு ஒன்று கட்டாயமாக வேண்டும்.

காவல் நிலையத்திலோ முகாமிலோ ஆயுதம் தற்செயலாகச் சுட்டால், 'கவனக்குறைவு' என்ற ஒற்றைச் சொல்லில் கோப்பை மூடிவிடக் கூடாது. ஆயுதத்தின் விசை வகை, அதில் அவர் கடைசியாகப் பயிற்சி பெற்ற நாள், சுட்ட தோட்டாக்களின் எண்ணிக்கை ஆகிய மூன்றும் விசாரணை அறிக்கையில் பதிவாக வேண்டும். அப்போதுதான் பிழை விரலுடையதா, விசையுடையதா, பயிற்சிக்குப் பணம் ஒதுக்காத நிர்வாகத்தினுடையதா என்பது விளங்கும். கடைநிலைக் காவலர் ஒருவரை இடைநீக்கம் செய்வது எளிது. அடுத்த விபத்தைத் தடுப்பது இந்த மூன்று தகவல்கள்தான்.