சோடி தேடும் தொழில்

பின்னேரத் தேத்தண்ணிக்கு வந்திருந்த பக்கத்து வீட்டுப் பெடியன் கேட்டான்: "மாமா, டெனிஸ் எண்டால் பெடரர், ஜோகோவிச் எண்டு தனியாளின்ரை பேர்தானே தெரியும். இரண்டு பேர் சேர்ந்து விளையாடுறதை மட்டும் நம்பி ஒருத்தர் சீவிக்கேலுமோ?"

நல்ல கேள்வி. எங்கள் ஊரான இணுவிலில் கிரிக்கெட் மட்டையைத் தெரியாத பிள்ளை இல்லை. டெனிஸ் மட்டையைக் கையில் பிடித்துப் பார்த்த பிள்ளைகள் குறைவு. அதனால் ஒரு கோப்பை தேத்தண்ணி முடியும்வரை ஆறுதலாகவே இதைச் சொல்ல வேண்டும்.

2024 செப்டெம்பர் 24ஆம் திகதி, சீனாவின் ஹாங்சோ நகரம். ஆண்கள் தொழில்முறைச் சுற்றான ஏ.டி.பி.யின் 250 தரப் போட்டியொன்றில் இரட்டையர் இறுதியாட்டம். ஒரு பக்கம் ஜேர்மனியின் ஃபிரான்ட்சனும் ஜெபன்ஸும். மறுபக்கம் தமிழ்நாட்டின் ஜீவன் நெடுஞ்செழியனும் விஜய் சுந்தர் பிரசாந்தும். முதல் செட்டை நம்மவர்கள் 4-6 என்று இழந்தார்கள். இரண்டாவதை டைபிரேக்கரில் 7-5 என்று பிடித்தார்கள். கடைசியில் 10-7. விஜய்க்கு அப்போது 37 வயது. அதுதான் அவருடைய முதல் ஏ.டி.பி. பட்டம். 36ஐ நெருங்கிக்கொண்டிருந்த ஜீவனுக்கு அது இரண்டாவது.

ஜீவனின் முதல் பட்டம் 2017 ஜனவரியில், சென்னை நுங்கம்பாக்கத்தில், ரோகன் போபண்ணாவோடு சேர்ந்து வந்தது. இறுதியாட்டத்தில் எதிரே நின்ற பூரவ் ராஜாவும் திவிஜ் சரணும் இந்தியர்களே. 6-3, 6-4 என்று முடிந்தது. அடுத்த வருடம் அந்தப் போட்டியே சென்னையை விட்டுப் புனேக்குப் போய்விட்டது. முதல் பட்டத்துக்கும் இரண்டாவதுக்கும் இடையில் ஏழரை வருடத்துக்கு மேல். அந்த இடைவெளியில் ஒருவர் என்ன செய்வார் என்பதில்தான் தம்பியின் கேள்விக்குப் பதில் இருக்கிறது.

250 தரப் போட்டியில் 16 சோடிகள் இறங்கும். தொடர்ந்து நாலு ஆட்டம் வென்றால் பட்டம். ஆளுக்கு 250 புள்ளி. இறுதியில் தோற்றால் 150, அரையிறுதியோடு நின்றால் 90. முதல் ஆட்டத்திலேயே தோற்றால் ஒன்றும் இல்லை. கிடைத்த புள்ளியும் 52 வாரத்துக்குத்தான் செல்லும். அடுத்த வருடம் அதே கிழமை வந்தால் கழிந்துவிடும். அதற்குள் வேறெங்காவது வெல்லாதவர் கீழே இறங்கி, சலஞ்சர் என்ற சிறிய போட்டிகளில் திரும்ப ஏற வேண்டும். பரிசுப் பணம் தனியாட்டத்தைவிட மிகவும் குறைவு. அதையும் இருவர் பங்கிட வேண்டும். விமானச் செலவு, தங்கும் செலவு, பயிற்சியாளர் சம்பளம் எல்லாம் அதற்குள்தான்.

இனிச் சோடிக்கு வருவோம். தரவரிசை சோடிக்குக் கிடையாது, ஆளுக்குத்தான். ஒரு போட்டிக்குள் நுழைய இருவருடைய இடங்களையும் கூட்டிப் பார்ப்பார்கள். தொகை குறைந்தவர்கள் முன்னுக்கு. 70ஆம் இடத்தில் இருப்பவர் 150ஆம் இடத்தவரோடு சேர்ந்தால் தொகை 220. அவரே 80ஆம் இடத்தவரைப் பிடித்தால் 150. மேலே நிற்பவரைத் தேடி ஆட்கள் வருவார்கள். இறங்கினவர் தானே ஆள் தேட வேண்டும்.

எங்கள் ஊர்க்காரருக்கு இப்படி ஆள் மாறி ஆளோடு சேருவது புதினமில்லை. தவில் வித்துவான் விசுவலிங்கத்தின் மகன் தெட்சணாமூர்த்தி தமிழகத்துப் பெரிய நாதஸ்வரக்காரர்களுக்கு வாசித்தவர். ஒவ்வொருவருடைய போக்கையும் அறிந்து, தன் கைவண்ணமும் குறையாமல் வாசிக்கத் தெரிந்ததால்தான் அத்தனை பேர் அவரை அழைத்தார்கள். இரட்டையர் வீரருக்கும் அந்த ஞானம் வேண்டும்.

ஆனால் கூட்டு நிலைக்காது என்பதுதான் என்னை வருத்துகிற விசயம். 2018இல் சீனாவின் செங்டுவில் ஜீவன், அமெரிக்காவின் ஆஸ்டின் கிரைசெக்கோடு இறுதிவரை போனார். இவான் டோடிக், மாட்டே பாவிச் என்ற குரோவேஷியச் சோடியிடம் தோற்றார்கள். 2023இல் பிரெஞ்சு ஓபன் இரட்டையர் பட்டத்தைத் தூக்கியவர்கள் யார் தெரியுமா? அதே கிரைசெக்கும், அன்று வலைக்கு அந்தப் பக்கம் நின்ற அதே டோடிக்கும். அந்த வருடமே கிரைசெக் உலகின் முதலிடத்துக்கும் வந்தார். அந்த நேரத்தில் ஜீவன் சலஞ்சர் வட்டத்தில் மினக்கெட்டுக்கொண்டிருந்தார்.

என்றாலும் சிறிய நாட்டுக்காரர் வேறு நாட்டில் சோடி தேடியும் உச்சிக்குப் போகலாம். ஹங்கேரியின் பலாஸ் தரோட்சி, சுவிட்சர்லாந்தின் ஹெய்ன்ஸ் குந்தார்ட்டோடு 1981இல் பிரெஞ்சு ஓபனையும் 1985இல் விம்பிள்டனையும் வென்றார். ஹங்கேரியின் டிமியா பாபோஸ், பிரான்ஸின் கிறிஸ்டினா மிலாடெனோவிச்சோடு 2018க்கும் 2020க்கும் இடையில் நாலு கிராண்ட் ஸ்லாம் பட்டங்கள் எடுத்தார்.

ஹாங்சோவின் 10-7க்கும் ஒரு கதை உண்டு. மூன்றாவது செட்டுக்குப் பதிலாக 10 புள்ளிக்கு ஆடுவது, 40-40 ஆனால் அடுத்த புள்ளியோடு கேமை முடிப்பது ஆகிய விதிகள் 2006 முதல் ஏ.டி.பி. இரட்டையரில் நிலைத்தவை. அதற்கு முந்திய வருடம் நிர்வாகம் ஆட்டத்தை இன்னும் குறுக்கி, தனியாட்டக்காரருக்கே இடம் கொடுக்கப் பார்த்தது. பிரையன் சகோதரர்கள் உட்பட இரட்டையர் வீரர்கள் நீதிமன்றம் போனார்கள். அவர்கள் அன்று எழும்பி நின்றிராவிட்டால் 37 வயதில் முதல் பட்டம் எடுக்க விஜய்க்கு ஒரு களம் மிஞ்சியிருக்குமோ தெரியாது.

சோடி மாறுகிற கதையில் கோயம்புத்தூர் வீரர் ஸ்ரீராம் பாலாஜியையும் சொல்ல வேண்டும். 2024 பிரெஞ்சு ஓபன் மூன்றாம் சுற்றில் மெக்சிகோவின் ரெயஸ்-வரேலாவோடு சேர்ந்து, போபண்ணா – மத்தியூ எப்டன் சோடியைக் கடைசி டைபிரேக்கர்வரை இழுத்துத் தோற்றார். எப்டனோடு அந்த ஜனவரியில் அவுஸ்திரேலிய ஓபனை வென்று, 43 வயதில் உலக முதலிடமும் கண்டவர் போபண்ணா. முதல் பத்து இடத்துக்குள் இருந்ததால் பாரிஸ் ஒலிம்பிக்கிற்குத் தனக்குச் சோடியைத் தெரிவு செய்யும் உரிமை அவருக்கு இருந்தது. அவர் கேட்டது பாலாஜியை. ஒலிம்பிக் முதல் ஆட்டத்திலேயே மொன்ஃபில்ஸ் – ரோஜர்-வசெலின் சோடியிடம் 5-7, 2-6 என்று தோற்றார்கள். அதோடு போபண்ணா இந்திய அணியிலிருந்து விலகினார். பாலாஜி அடுத்த சோடியைத் தேடிப் போனார்.