பிணங்களை விடப் பயங்கரம் வியாபாரம்!

1996-ம் ஆண்டு மார்ச் மாதம் ஜப்பானில் ஒரு வீடியோ விளையாட்டு விற்பனைக்கு வந்தது. பெயர் "பயோஹசார்ட்". தயாரித்தது கேப்காம் கம்பெனி. வெளிநாடுகளில் அதன் பெயர் "ரெசிடெண்ட் ஈவில்".

காட்டு நடுவே ஒரு மாளிகை. உள்ளே நடமாடும் பிணங்கள். ஆடுகிறவரிடம் துப்பாக்கி உண்டு. குண்டுகள்தான் குறைவு. கண்டபடி சுட்டுத் தீர்த்தால், அடுத்த அறையில் வெறுங்கையோடு நிற்கவேண்டியதுதான்.

ஆடிய வரைக்கும் பதிந்து வைக்க அங்கங்கே டைப்ரைட்டர் இருக்கும். அதற்கு ரிப்பன் வேண்டும். ரிப்பனுக்கும் பஞ்சம்!

கையில் துப்பாக்கி இல்லை

இந்த விளையாட்டின் முதல் முழு நீள அனிமேஷன் படம் 2008 அக்டோபரில் ஜப்பானில் வெளியானது. "ரெசிடெண்ட் ஈவில்: டிஜெனரேஷன்" என்று பெயர். டைரக்டர் மகோட்டோ கமியா. உருவங்கள் எல்லாம் கம்ப்யூட்டரில் பிறந்தவை.

2002 முதல் ஹாலிவுட்டில் நடிகர்களை வைத்து எடுத்த படங்களின் நாயகி ஆலிஸ், விளையாட்டில் இல்லாதவள். அனிமேஷன் படமோ விளையாட்டின் கதையையே தொடர்ந்தது. 1998-ல் வந்த இரண்டாவது விளையாட்டின் லியானும் கிளேரும் இதில் மறுபடி சந்திக்கிறார்கள்.

படம் பார்ப்பவரிடம் துப்பாக்கி இல்லை. குண்டு தீர்ந்துவிடுமோ என்ற கவலையும் இல்லை. பிறகு எதைக் காட்டிப் பயமுறுத்துவது?

கிருமி விற்பனைக்கு

அம்பிரல்லா என்ற மருந்துக் கம்பெனியின் கிருமி ரக்கூன் நகரில் பரவியது. அரசாங்கமே ஏவுகணை வீசி நகரை அழித்தது. கம்பெனி திவாலானது.

ஏழு ஆண்டு கழித்து ஒரு விமான நிலையத்தில் அதே கிருமி! சந்தேகம் வில்பார்மா என்ற வேறு மருந்துக் கம்பெனி மீது விழுகிறது. அதை எதிர்த்தவர்களில் கிளேரும் ஒருத்தி. அந்தக் கம்பெனியிடமே தடுப்பு மருந்து இருந்தது என்று அறிந்து திகைக்கிறாள். அந்த மருந்தும் லாரியோடு வெடித்துச் சிதறுகிறது.

ரக்கூன் நகரில் மனைவி, மகளைப் பறிகொடுத்தவன் கர்ட்டிஸ். உண்மையை ஊரறியச் செய்யத் துடிக்கிறான். கடைசியில் கிருமியைத் தன் உடம்பிலேயே ஏற்றிக்கொண்டு மிருகமாகிறான். தங்கை ஏஞ்செலா போலீஸ்காரி. அண்ணனை எதிர்த்து நிற்கும் நிலை அவளுக்கு!

இவ்வளவுக்கும் காரணம் வில்பார்மாவில் கோட்டு சூட்டுப் போட்ட ஓர் ஆராய்ச்சியாளர். கிருமியைத் திருட்டுத்தனமாக விற்க, சரக்கின் வேகத்தைக் காட்ட ஆடிய நாடகம் அது!

முகத்தில் பத்திரிகை

குற்றவாளி பிடிபடுகிறான். வில்பார்மாவின் பக்கம் நின்ற செனட்டர், முகத்தில் பத்திரிகையை மூடி நாற்காலியில் சாய்ந்திருக்கிறார். பத்திரிகை நழுவுகிறது. ஆள் பிணம்!

கீழே விழுந்த பத்திரிகையில் ஒரு செய்தி: வில்பார்மாவை வாங்க டிரைசெல் என்ற கம்பெனி முன்வந்திருக்கிறது.

2012, 2017, 2023 என்று மேலும் மூன்று படங்கள் வந்தன. ஒவ்வொன்றிலும் பிணங்கள் சுடப்பட்டு விழுந்தன. சரக்கு மட்டும் கை மாறிக்கொண்டே போனது.