இடுப்பைப் பிடிக்கும் கச்சை

வெள்ளவத்தைப் புடைவைக் கடைகளில் இப்போது உட்பாவாடைக்குப் பதிலாக இடுப்பை இறுகப் பிடிக்கும் ஷேப்வெயார் கேட்கிறார்கள். இதன் பாட்டி, ஐரோப்பியரின் கோர்செட். 16ஆம் நூற்றாண்டில் இடுப்பைச் சிறுக்க வைப்பதைவிட, உடம்பை நிமிர்த்தித் தட்டையாகக் காட்டவே அதை அணிந்தார்கள். பின்னர் விறைப்புக்குத் திமிங்கில எலும்பு வைத்தார்கள். பேர்தான் எலும்பு, உண்மையில் அது திமிங்கிலத்தின் வாயில் தொங்கும் தகடு, நம் நகம் போன்ற பொருள்! 19ஆம் நூற்றாண்டில் நாடா கோக்கும் துளைகளுக்கு உலோக வளையம் வந்தது. துணி கிழியாது என்றானதும் இறுக்கம் கூடியது, மூச்சு முட்டியது.

கோர்செட்டின் இடத்தில் இன்று உலகப் பெண்கள் அணியும் உள்ளாடைகளில் ஒரு பங்கு இலங்கையில் தைத்தது. 1987இல் தொடங்கிய மாஸ் நிறுவனம் அதில் பெரிய பெயர்.

நாரி நோவுக்கு வைத்தியர் கட்டச்சொல்லும் பட்டியும் கோர்செட்டின் உறவுதான். பிள்ளை பெற்றவளின் வயிற்றைப் பழைய வேட்டியால் சுற்றிக் கட்டுவார்களே, அதையும் தூரத்துச் சொந்தம் எனலாம். சத்திரசிகிச்சையில் பிள்ளை பெற்றவர்கள் மட்டும், அப்படிக் கட்டுமுன் உங்கள் வைத்தியரிடம் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளுங்கள்.