போனில் புத்தகம்: எது இலவசம், எது திருட்டு?

'பொன்னியின் செல்வன் பி.டி.எஃப். இருந்தா அனுப்புங்கண்ணே' என்ற வரி வாட்ஸ்அப் குழுக்களில் அடிக்கடி கண்ணில் படும். அடுத்த நிமிஷமே யாராவது அனுப்பியும் விடுவார்கள். கூடவே, போன மாதம் வெளிவந்த நாவல் ஒன்றும் வந்து விழும். முதலாவதை வாங்கிப் படிப்பதில் தப்பில்லை. இரண்டாவதைப் பரப்புவது குற்றம். இரண்டும் ஒரே மாதிரிக் கோப்புதான். அப்புறம் வித்தியாசம் எங்கே?

அருப்புக்கோட்டை, திருச்சுழி பக்கம் இந்தக் கேள்விக்குக் கொஞ்சம் கூடுதல் கனம் உண்டு. மதுரையில் கலைஞர் நூற்றாண்டு நூலகம் 2023 ஜூலையில் திறக்கப்பட்டது. அருப்புக்கோட்டையிலிருந்து அங்கே போக ஏறக்குறைய 50 கிலோமீட்டர். திருச்சுழியைச் சுற்றியுள்ள கிராமத்துக்காரர் முதலில் அருப்புக்கோட்டைக்கு ஒரு பஸ், அங்கிருந்து மதுரைக்கு இன்னொரு பஸ் பிடிக்க வேண்டும். போய்த் திரும்பினால் ஒரு நாள் பொழுது போச்சு. தறியில் உட்காருகிறவருக்கும் மல்லிகை பறிக்கப் போகிறவருக்கும் அது ஒரு நாள் கூலி. போன் என்றால் பக்கத்திலேயே கிடக்கிறது.

60 வருடக் கணக்கு

இந்தியப் பதிப்புரிமைச் சட்டம் 1957-ல் வந்தது. எழுத்தாளர் உயிரோடு இருக்கும் காலமும், அவர் இறந்த ஆண்டு முடிந்து இன்னும் 60 ஆண்டுகளும் உரிமை அவருக்கும் வாரிசுக்கும். கல்கி 1954 டிசம்பரில் காலமானார். ஆக, 2015 பிறந்ததிலிருந்து அவர் எழுத்து பொதுச்சொத்து. உண்மையில் அதற்கு முன்பே தமிழக அரசு அவர் நூல்களை நாட்டுடைமை ஆக்கிவிட்டது.

இதில் ஒரு சின்னச் சிக்கல். 'பொன்னியின் செல்வ'னுக்குப் படம் போட்ட ஓவியர் மணியம் இறந்தது 1968-ல். எனவே அந்தப் படங்களுக்கு 2028 முடியும்வரை உரிமை உண்டு. கதை இலவசம், படம் இலவசம் இல்லை. பதிப்பகம் புதிதாகச் சேர்த்த முன்னுரைக்கும் அட்டைப்படத்துக்கும் இதே நிலைதான்.

நாட்டுடைமை என்பது நம்ம ஊர் ஏற்பாடு. வாரிசுக்கு அரசு பரிவுத்தொகை கொடுக்கும். அதன்பின் அந்த எழுத்தை யார் வேண்டுமானாலும் அச்சிடலாம், இணையத்தில் ஏற்றலாம். இதற்குத் தொடக்கம் பாரதி. 1949-ல் அவர் படைப்புகளின் உரிமை அரசின் கைக்கு வந்து, பின்னர் மக்களுக்கு விடப்பட்டது. அருப்புக்கோட்டையிலிருந்து தூத்துக்குடி சாலையில் தெற்கே போனால் பந்தல்குடி தாண்டி அவர் பிறந்த எட்டயபுரம் வந்துவிடும்.

எங்கே தேடுவது?

பழைய இலக்கியத்துக்கு மதுரைத் திட்டம். 1998 பொங்கலன்று தொடங்கியது. சுவிட்சர்லாந்தில் இருந்த கு. கல்யாணசுந்தரம் முன்னின்று நடத்த, பல நாட்டுத் தமிழர்கள் சம்பளம் இல்லாமல் உட்கார்ந்து தட்டச்சு செய்தார்கள். யூனிகோட் பரவாத காலம் அது. அவர்கள் உழைப்பு இல்லையென்றால் சங்க இலக்கியம் இன்று இவ்வளவு சுலபமாகக் கைக்கு வந்திருக்காது. திருச்சுழி கோயிலைப் பற்றிச் சுந்தரர் பாடிய திருச்சுழியல் பதிகத்தை ஏழாம் திருமுறையில் தேடிப் படிக்கலாம். அதே ஊரில் 1879-ல் பிறந்த ரமணரின் 'நான் யார்?' நூலை ரமணாசிரமத்தின் இணையதளமே இலவசமாகத் தருகிறது.

அடுத்தது தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகம். அரசு நடத்துவது. நாட்டுடைமை நூல்கள், அரிய பழம்பதிப்புகள், பழைய இதழ்கள் என்று பெரிய குவியல். இங்கிருந்து 2,000-க்கும் மேற்பட்ட நாட்டுடைமை நூல்கள் தமிழ் விக்கிமூலத்துக்குப் போயின. அங்கே தன்னார்வலர்கள் பக்கம் பக்கமாக மெய்ப்புப் பார்க்கிறார்கள். யாரும் சேர்ந்துகொள்ளலாம்.

இன்றைய எழுத்தாளர்கள் மனமுவந்து கொடுத்த நூல்களுக்கு ஃப்ரீதமிழ்ஈபுக்ஸ் தளம். கதை, கட்டுரை, பயணம், கணினி என்று எல்லாம் கலந்து கிடக்கும். சிறுவர் கதைகளுக்கு பிரதம் புக்ஸின் ஸ்டோரிவீவர். இலங்கைத் தமிழ் நூல்கள் வேண்டுமென்றால் நூலகம் தளத்தை விட்டால் வேறு வழியில்லை. 1981-ல் யாழ்ப்பாண நூலகம் எரிந்ததை மறக்காதவர்கள் நடத்துவது அது.

குரூப் தேர்வுக்குப் படிக்கிறவர்கள் கைடுக்கு முன்னால் பார்க்க வேண்டியது பள்ளிப் பாடநூல்கள். அரசே முழுசாக பி.டி.எஃப். வடிவில் வைத்திருக்கிறது. அதைக் காசு கொடுத்து வாங்கத் தேவையில்லை.

கரிசல் கதை இருக்கா?

இங்கேதான் வயிறு எரிகிறது. இந்த மண்ணையும் வானம் பார்த்த வெள்ளாமையையும் எழுதிய கி. ராஜநாராயணன் 2021 மே மாதம் காலமானார். சட்டப்படி அவர் எழுத்துக்கு 2081 முடியும்வரை உரிமை நீடிக்கும். உரிமையாளர்கள் விட்டுக்கொடுத்தாலோ, அரசு நாட்டுடைமை ஆக்கினாலோதான் முன்கூட்டிக் கிடைக்கும். 'அஞ்ஞாடி' நாவலுக்காக 2014-ல் சாகித்ய அகாடமி விருது பெற்ற பூமணியின் எழுத்துக்கும் உரிமை அமலில்தான் இருக்கிறது. ஆக, பக்கத்து ஊர்க் கதைதான் போனில் சும்மா கிடைக்காது. சோழர் காலத்துக் கதை கிடைக்கும்.

டெலிகிராமில் கிடைக்குதே என்றால், கிடைக்கும்தான். அது திருட்டுப் பிரதி. சட்டத்தின் 63-ம் பிரிவில் 6 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறை, ரூ.50,000 முதல் ரூ.2 லட்சம் வரை அபராதம் என்று இருக்கிறது. வியாபார நோக்கம் இல்லையென்றால் நீதிமன்றம் இதைக் குறைக்கலாம். வாசகர் ஜெயிலுக்குப் போவதைவிடப் பெரிய பிரச்சினை வேறு. தீவிர இலக்கியம் போடுகிற பதிப்பகங்கள் பல நூல்களைச் சில நூறு பிரதிகள்தான் அச்சடிக்கின்றன. அதில் நூறு விற்காமல் போனால் அடுத்த கரிசல் நாவலைப் போட யோசிப்பார்கள். கிண்டிலில் 2016 டிசம்பர் முதல் தமிழ் நூல்கள் விற்பனைக்கு இருக்கின்றன; தனிக் கருவி வேண்டாம், போனில் செயலி போதும். அதுவும் முடியாதென்றால் ஊர்க் கிளை நூலகத்தில் கேட்டுப் பார்க்கலாம்.

இறக்கியாச்சு, படிக்க முடியலையே!

பழைய புத்தகங்கள் பெரும்பாலும் பக்கத்தைப் படம்பிடித்த பி.டி.எஃப். தான். கோப்பு பெரிசு, நெட் பேக்கைக் குடித்துவிடும். எழுத்தைப் பெரிதாக்கினால் வரி திரைக்கு வெளியே ஓடும். இபப் வடிவம் இருந்தால் அதையே எடுப்பது நல்லது. திரைக்கு ஏற்ப வரி தானாக மடங்கிக்கொள்ளும். ஃப்ரீதமிழ்ஈபுக்ஸில் 6 அங்குலத் திரைக்கென்றே தனி பி.டி.எஃப். உண்டு.

பார்வையற்றவர்களுக்கு இந்த வேறுபாடு இன்னும் முக்கியம். படமாக இருக்கும் பக்கத்தை போனால் வாசித்துக் காட்ட முடியாது. எழுத்தாக இருந்தால் தமிழிலேயே உரக்கப் படிக்கும். 2012 சட்டத் திருத்தத்தின்படி, அவர்களுக்கு ஏற்ற வடிவில் நூலை மாற்றிக் கொடுக்க எழுத்தாளரிடம் அனுமதி வாங்க வேண்டியதில்லை, லாப நோக்கம் மட்டும் இருக்கக் கூடாது. அப்படி மாற்றப்பட்ட நூல்களுக்கென்று 2016-ல் தொடங்கிய சுகம்ய புஸ்தகாலயா இருக்கிறது. அச்சு நூலைப் படிக்க இயலாதவர் என்பதற்கான சான்றைக் காட்டிப் பதிவு செய்துகொண்டால் அதில் நூல்களை எடுக்கலாம்.